நான்கடிச் சந்தும் ஒன்றேகால் அடிச் சுவரும்: பக்கத்து வீட்டு வழக்கில் தீர்ப்பாணையை நிறைவேற்றுவது எப்படி

இங்கே ஆய்வுக்கு எடுத்துக்கொண்டிருப்பது ஒரு மாதிரி வழக்கு. குறிப்பிட்ட எந்த ஊரின், எந்தக் குடும்பத்தின் வழக்கும் அல்ல. தமிழ்நாட்டின் முன்சீப் கோர்ட்டுகளில் இந்த வடிவத்தில் வழக்குகள் திரும்பத் திரும்ப வருகின்றன. அவை எங்கெங்கே முட்டி நிற்குமோ அந்த இடங்களையெல்லாம் ஒரே வழக்கில் கோத்திருக்கிறோம். சட்ட விதிகளும் காலக்கெடுவும் உள்ளது உள்ளபடியே.

தெற்கே தெரு. தெருவிலிருந்து வடக்கே 62 அடி நீளம், 4 அடி அகலத்தில் ஒரு சந்து. சந்தின் முடிவில் வாதியின் வீடு. கிழக்கு ஓரம் முழுக்க வேறொருவருடைய பழைய வீட்டுச் சுவர். மேற்கில் பிரதிவாதியின் வீடு. ஒரே மூல உரிமையாளர் இரண்டு மனைகளையும் பிரித்து விற்றபோது, இரண்டு கிரையப் பத்திரங்களிலும் ‘4 அடி அகலப் பொதுப்பாதை’ என்று எழுதிவைத்தார். பல ஆண்டுகளுக்குப் பிறகு பிரதிவாதி 34 அடி நீளத்துக்கு ஒரு காம்பவுண்ட் சுவர் எழுப்பினார். சுவரின் கிழக்கு முகம் சந்துக்குள் ஒன்றேகால் அடி வந்துவிட்டது. மீதி இரண்டேமுக்கால் அடி. பைக்கை உருட்டினால் ஹேண்டில்பார் உரசும். வீட்டில் ஒரு சாவு விழுந்தால் தூக்கிக்கொண்டு போக வழியில்லை.

பறிபோனது 42.5 சதுர அடி. ஒரு சென்ட் 435.6 சதுர அடி என்பதால், பத்தில் ஒரு பங்கு சென்ட்கூட இல்லை. ‘இவ்வளவு சின்ன இடத்துக்கா வழக்கு’ என்று பஞ்சாயத்துப் பேச வருகிறவர்கள் சொல்வார்கள். பாதையை மேப்பில் எத்தனை சென்ட் என்று கணக்குப் பார்ப்பதில் பொருளில்லை. மறுமுனையில் குடியிருக்கிறவருக்கு அதுதான் முழு வீடு.

வழக்கில் வாதி ஜெயித்தார். தீர்ப்பாணை, அதாவது தீர்ப்பின் முடிவைக் கட்டளையாக எழுதும் ஆவணம், மூன்று பரிகாரங்களைக் கொடுத்தது. சந்தில் வாதிக்கு வழிநடை உரிமை உண்டு என்ற விளம்புகை முதலாவது. பாதையைத் தடுக்கக் கூடாது என்ற நிரந்தர உறுத்துக்கட்டளை அடுத்தது. இரண்டு மாதத்துக்குள் சுவரை அகற்ற வேண்டும் என்ற செயலுறுத்துக் கட்டளை மூன்றாவது. பிரதிவாதி சப் கோர்ட்டில் செய்த மேல்முறையீடும் விசாரித்துத் தள்ளுபடியானது. ஆனாலும் சுவர் அப்படியே நின்றது.

முதல் சறுக்கல்: எந்த விதியில் மனு

வாதி முதலில் போட்ட நிறைவேற்று மனுவில், அதாவது இ.பி.யில், ‘சொத்தை சுவாதீனம் எடுத்துக் கொடுக்க வேண்டும்’ என்று கேட்டிருந்தார். அது உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 21, விதி 35-க்குரிய கோரிக்கை. கையில் இருந்ததோ சுவாதீனத் தீர்ப்பாணை அல்ல, உறுத்துக்கட்டளைத் தீர்ப்பாணை. நிறைவேற்றும் நீதிமன்றம் தீர்ப்பாணைக்குப் பின்னால் போய் எதையும் சேர்க்கவோ குறைக்கவோ முடியாது. மனு நிற்கவில்லை.

உறுத்துக்கட்டளைக்குப் பாதை கட்டளை 21, விதி 32. அதன் உள்விதி 1, தீர்ப்பாணைக்குக் கீழ்ப்படிய வாய்ப்பு இருந்தும் வேண்டுமென்றே கீழ்ப்படியாதவரை சிவில் சிறையில் வைக்கவும், அவர் சொத்தை ஜப்தி செய்யவும் வழி தருகிறது. உள்விதி 5, செய்ய வேண்டிய செயலை நீதிமன்றமே வேறு ஒருவர் மூலம் செய்துமுடித்து, செலவைத் தீர்ப்புக் கடனாளியிடம், அதாவது தீர்ப்பாணைக்குக் கட்டுப்பட்ட எதிர்த்தரப்பிடம், வசூலிக்க இடம் தருகிறது. இரண்டையும் சேர்த்தே கேட்கலாம். சுவர் வழக்கில் உயிர்நாடி உள்விதி 5. சிறைக்கு அனுப்பினாலும் சுவர் நகராது. எதிர்த்தரப்பும் அதைத் தெரிந்தேதான் காலம் கடத்தும்.

இ.பி. படிவத்தில் கட்டளை 21 விதி 11(2) கேட்கிற கலங்கள் பல: வழக்கு எண், தீர்ப்பாணைத் தேதி, மேல்முறையீடு உண்டா, முன்பு இ.பி. போட்டதுண்டா, செலவுத்தொகை எவ்வளவு, யார் மீது, எந்த முறையில் நீதிமன்றத்தின் உதவி வேண்டும். குமாஸ்தா நிரப்பிவிடும் வழக்கமான படிவம் என்று விட்டுவிடக் கூடாது. கடைசிக் கலத்தை வக்கீல் தன் கையால் எழுத வேண்டும். இந்த வழக்கில் பத்து மாதத்தைத் தின்றது அந்த ஒரு கலம்.

இதில் இன்னொன்றும் உண்டு. ஆக்கிரமிக்கப்பட்ட துண்டு நிலமே வாதியின் சொந்த நிலம் என்றால், வழக்கு போடும்போதே சுவர் அகற்றுதலோடு சுவாதீன மீட்பையும் சேர்த்துக் கேட்பது நல்லது. அப்போது விதி 35, மூன்றாம் நபர் தடுத்தால் உதவும் விதி 97 எல்லாம் கைக்கு வரும். நம் வழக்கில் சந்து பொதுப்பாதை, வாதிக்கு உள்ளது நடக்கும் உரிமை. அதனால் உறுத்துக்கட்டளையே சரியான பரிகாரம். தவறு இ.பி.யில்தான்.

மூன்று ஆண்டா, பன்னிரண்டு ஆண்டா

நிறைவேற்று மனுவுக்குப் பன்னிரண்டு ஆண்டு அவகாசம் என்பது எல்லோர் வாயிலும் இருக்கும் கணக்கு. காலவரையறைச் சட்டம் 1963-இன் 136-ஆம் கூறு அப்படித்தான் சொல்கிறது. ஆனால் செயலுறுத்துக் கட்டளை அதற்குள் வராது. அதற்கென்று தனியே 135-ஆம் கூறு இருக்கிறது: தீர்ப்பாணைத் தேதியிலிருந்து, அல்லது செய்து முடிக்கக் குறித்த தேதியிலிருந்து, மூன்றே ஆண்டு. நிரந்தர உறுத்துக்கட்டளைக்கோ காலவரையறையே இல்லை. 136-இன் காப்புரையே, அதாவது அதன் விதிவிலக்கு வாசகமே, அதைச் சொல்லிவிடுகிறது. ஆக ஒரே தாளில் உள்ள இரண்டு பரிகாரங்களில் ஒன்று மூன்று ஆண்டில் செத்துவிடும், மற்றது தலைமுறை கடந்தும் நிற்கும்.

‘அவர்களே இடித்துவிடுவார்கள், ஊரில் பேசிக்கொள்ளலாம்’ என்று காத்திருந்தே மூன்று ஆண்டைத் தொலைப்பவர்கள் உண்டு. நெஞ்சு பொறுக்காத இழப்பு அது. ஐந்தாறு ஆண்டு வழக்காடி வாங்கியதில் பாதி, ஒரு தேதியைக் குறித்துவைக்காததால் போய்விடுகிறது.

மேல்முறையீடு விசாரித்து முடிவானால் கீழ்க்கோர்ட்டுத் தீர்ப்பாணை அதில் இணைந்துவிடும். காலமும் மேல்முறையீட்டுத் தீர்ப்பாணையிலிருந்து எண்ணப்படும். நம் வாதியைக் காப்பாற்றியது இதுதான்: இரண்டாவது இ.பி. அந்தக் கணக்கில் இரண்டு ஆண்டு பத்து மாதத்தில் தாக்கலானது. ஆனால் மேல்முறையீட்டுக்காரர் ஆஜராகாததால் அது தள்ளுபடியாகியிருந்தால், அந்த உத்தரவு தீர்ப்பாணையே அல்ல. இந்தக் கணக்கை நம்பியிருக்க முடியாது. பத்திரமான வழி, முதல் நீதிமன்றத் தீர்ப்பாணையிலிருந்தே மூன்று ஆண்டுக்குள் மனுவைப் போட்டுவிடுவது. மேல்முறையீடு நிலுவையில் இருக்கிறது என்பது தடை ஆகாது. கட்டளை 41 விதி 5 தெளிவாகச் சொல்கிறது: தடையாணை வாங்கினால்தான் நிறைவேற்றம் நிற்கும், மேல்முறையீடு போட்டதால் மட்டும் நிற்காது.

அறிவிப்பும் விசாரணையும்

தீர்ப்பாணைக்கு இரண்டு ஆண்டுக்கு மேல் ஆகியிருந்தால் விதி 22-இன்படி எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு கட்டாயம். விதி 32 மனுவில் எப்படியும் அறிவிப்பு போகும், ‘வேண்டுமென்றே கீழ்ப்படியவில்லை’ என்று காட்ட வேண்டியிருப்பதால். வாதி தீர்ப்பாணை நகலுடன் பதிவுத் தபாலில் ஒரு வக்கீல் நோட்டீஸ் அனுப்பி, ஒப்புகை அட்டையை வைத்திருந்தார். ‘எனக்குத் தெரியாது’ என்ற எதிருரை அதோடு முடிந்தது. சுவரின் புகைப்படங்களைக் கைபேசியிலிருந்து எடுத்துப் போடுவதானால், பாரதிய சாக்‌ஷிய அதிநியம் 2023-இன் பிரிவு 63 கேட்கும் சான்றையும் சேர்க்க வேண்டும். சான்று இல்லாத படம் வெறும் தாள்.

பிரதிவாதியின் மனைவி பெயரும் வழக்கில் இருந்தது. பெண்ணை சிவில் சிறைக்கு அனுப்ப முடியாது என்று எதிர்த்தரப்பு வாதிட்டது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 56 சொல்வது பணத் தீர்ப்பாணையைப் பற்றி மட்டும். உறுத்துக்கட்டளையை மீறினால் அந்தக் காப்பு கிடையாது. ஆனாலும் வாதி சிறைக் கோரிக்கையை அழுத்தவில்லை. அவருக்கு வேண்டியது பாதை. நீதிமன்றமும் உள்விதி 5-இல் உத்தரவிட்டது: நீதிமன்ற உத்தரவை நேரில் நிறைவேற்றும் ஊழியரான அமீனும், இடத்தைப் பார்த்து அறிக்கை தர நீதிமன்றம் நியமிக்கும் வழக்கறிஞர் ஆணையரும் சர்வேயர் உதவியுடன் சுவரை அகற்ற வேண்டும்.

கோடு எங்கே: வாரண்ட் திரும்பிய முதல் முறை

அமீன் வந்தார், பார்த்தார், ‘சொத்து அடையாளம் காட்டப்படவில்லை’ என்று எழுதி வாரண்டைத் திருப்பிவிட்டார். அவரைக் குறை சொல்ல முடியாது. வாரண்டில் இருந்த சொத்து விவரம் புல எண், உட்பிரிவு, நான்கு எல்லை, ‘4 அடி பொதுப்பாதை’ என்பதோடு நின்றிருந்தது. பிரதிவாதி, ‘பாதை நான்கு அடிதான், கிழக்குச் சுவர்தான் உள்ளே வந்திருக்கிறது’ என்றார். எந்தக் கோட்டிலிருந்து நான்கு அடி என்று தாளில் இல்லை.

வாதி நம்பியிருந்தது சர்வே துறையின் புலப்படத்தை, அதாவது எஃப்.எம்.பி.யை. அதன் அளவுத்திட்டம் 1:2000 என்றால், தாளில் ஒரு மில்லிமீட்டர் தரையில் இரண்டு மீட்டர். ஒன்றேகால் அடி என்பது சுமார் 38 சென்டிமீட்டர். தாளில் அது 0.19 மில்லிமீட்டர். சீவிய பென்சிலின் கோடே அதைவிடத் தடிமன். வயல் வரப்புத் தகராறுக்கு உதவும் படம், வீட்டுச் சந்துத் தகராறுக்கு உதவாது. பட்டா, கிராம நிலப் பதிவேடான அ-பதிவேடு இவற்றின் பரப்பளவிலும் இந்த நுணுக்கம் கிடைக்காது.

இந்த இடத்தில் வழக்கைக் காப்பாற்றியது கட்டளை 26, விதி 18அ. உள்ளூர் ஆய்வுக்கு ஆணையரை நியமிக்கும் அதிகாரம் நிறைவேற்று நடவடிக்கைக்கும் உண்டு என்று அது சொல்கிறது. ஆணையர் சர்வேயருடன் போய் எப்படி அளந்தார் என்பதைப் பார்க்க வேண்டும். அசையாத இரண்டு புள்ளிகளை எடுத்தார்: வாதி வீட்டின் தென்கிழக்கு மூலைக் கல், கிழக்கு வீட்டுப் பழைய சுவரின் மேற்கு முகம். பழைய கிரையப் பத்திரங்களின் அளவுகளோடு ஒப்பிட்டு, அந்தக் கிழக்குச் சுவர் நகரவில்லை என்று முதலில் உறுதி செய்தார். பிறகு தெருவிலிருந்து பத்தடிக்கு ஒரு முறை, 0, 10, 20 என்று 60 வரை ஏழு இடங்களில் சந்தின் அகலத்தை டேப் பிடித்து எழுதினார். சுவர் 12-ஆம் அடியில் தொடங்கி 46-ஆம் அடியில் முடிகிறது. 0, 10, 50, 60 ஆகிய இடங்களில் அகலம் நான்கு அடி. 20, 30, 40-இல் இரண்டேமுக்கால். இந்த ஏழு எண்களுக்கு எதிராகச் சொல்ல பிரதிவாதியிடம் எதுவும் இல்லை. படத்தில் ஆக்கிரமிப்பை அ, ஆ, இ, ஈ என்று குறித்து, சிவப்பு மையில் காட்டினார். நீதிமன்றம் அந்தப் படத்தை வாரண்டோடு இணைத்தது.

இதையெல்லாம் வழக்கு நடக்கும்போதே செய்திருக்க வேண்டும். விசாரணைக் கட்டத்தில் கட்டளை 26 விதி 9-இல் ஆணையர் போட்டு, அவர் படம் தீர்ப்பாணையின் பகுதி என்று தீர்ப்பிலேயே எழுத வைத்திருந்தால் ஒரு வருடம் மிச்சம். கட்டளை 20 விதி 9, அசையாச் சொத்தைப் பற்றிய தீர்ப்பாணையில் சொத்தை அடையாளம் காணும் அளவுக்கு விவரம் இருக்க வேண்டும் என்கிறது. தீர்ப்பாணை நகல் கைக்கு வந்த அன்றே பிராதின், அதாவது வழக்கு மனுவின், சொத்து விவரத்தோடு வரிக்கு வரி ஒப்பிட வேண்டும். தட்டச்சுப் பிழை இருந்தால் பிரிவு 152-இல் திருத்த மனு. அமீன் வாசலில் நிற்கும்போது கண்டுபிடிப்பதில் பயனில்லை.

மகன் காட்டிய பத்திரம்: இரண்டாவது முறை

அடுத்த தேதியில் பிரதிவாதியின் மகன் வந்து நின்றார். வீட்டை அப்பா தனக்கு தான செட்டில்மெண்ட் எழுதிக் கொடுத்துவிட்டார், தான் வழக்கில் தரப்பே இல்லை என்றார். பத்திரத் தேதி வழக்கு நிலுவையில் இருந்த காலத்தில் விழுந்தது. சொத்துரிமை மாற்றுச் சட்டம் பிரிவு 52-இன்படி, வழக்கு நடக்கும்போது கைமாறிய சொத்தை வாங்கியவர் அந்த வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவர். ஆனால் அமீனுக்கு அதைத் தீர்மானிக்கும் அதிகாரம் இல்லை. ‘ஆட்சேபணை, நிறைவேற்ற இயலவில்லை’ என்று எழுதிக்கொண்டு போனார்.

இ.பி. போடுவதற்கு முன்பே வில்லங்கச் சான்று எடுத்திருந்தால் இந்தப் பத்திரம் தெரிந்திருக்கும். மகனையும் எதிர்மனுதாரராகச் சேர்த்து, அறிவிப்பும் கொடுத்திருக்கலாம். வாதி இப்போது அதைச் செய்தார். கடனாளி இறந்துபோனாலும் இதே வழிதான்: வாரிசுகளைச் சேர்க்க வேண்டும். நிரந்தர உறுத்துக்கட்டளை வாரிசுகளையும் கட்டும் என்பதை உச்ச நீதிமன்றம் 2017-இல் தெளிவாக்கிவிட்டது. சுவாதீனத் தீர்ப்பாணையாக இருந்திருந்தால், மூன்றாம் நபர் தடுத்ததும் விதி 97-இல் மனுப் போட வேண்டும். விதி 101-இன்படி அந்தத் தகராறு முழுவதையும் நிறைவேற்றும் நீதிமன்றமே முடிவுசெய்யும், தனி வழக்கு கிடையாது.

போலீஸ்

ஸ்டேஷனுக்கு நேராகப் போனால் ‘சிவில் மேட்டர்’ என்ற பதில்தான் வரும். திங்கட்கிழமைக் குறைதீர் கூட்டத்தில் கலெக்டரிடம் மனு கொடுத்தாலும் அது தாசில்தாருக்குப் போய், ‘நீதிமன்றத்தை அணுகவும்’ என்று திரும்பும். போலீஸ் பாதுகாப்புக்கு இ.பி.யிலேயே உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 151-இல் தனி மனுப் போட்டு, அமீன் அறிக்கையை ஆதாரமாகக் காட்ட வேண்டும். உத்தரவில் நாள், நேரம், எந்தக் காவல் நிலையம் என்பதெல்லாம் வேண்டும். உத்தரவு நகலை முன்கூட்டியே ஸ்டேஷனில் கொடுத்து முத்திரை வாங்கிக்கொள்ள வேண்டும். திருவிழா, பந்தோபஸ்து நாட்களில் ஆள் கிடைக்காது. தேதி கேட்கும்போதே அதைப் பார்த்துக்கொள்வது நல்லது.

இடிக்கும் நாள்

அமீன் சுவரை இடிக்க மாட்டார். இடிப்பதை மேற்பார்வை பார்ப்பார். கூலி ஆள், கடப்பாரை, சம்மட்டி, கம்பி வெட்டும் கட்டர், இடிபாடு ஏற்ற வண்டி எல்லாம் தீர்ப்பாணைதாரர், இங்கே வாதி, கொண்டுவர வேண்டியவை. பேட்டா, ஆணையர் கட்டணம், அளவைக் கட்டணம் முன்பே கட்டியிருக்க வேண்டும். ஒவ்வொன்றுக்கும் ரசீது வைத்தால், உள்விதி 5-இன்படி நீதிமன்றம் செலவை நிர்ணயித்துத் தீர்ப்பாணையில் சேர்ந்த தொகைபோல வசூலித்துத் தரும். ரசீது இல்லாத செலவு போனதுதான்.

சுவரில் என்ன மாட்டியிருக்கிறது என்பதை ஒரு வாரம் முன்னால் பார்த்தாக வேண்டும். இங்கே மின் மீட்டர் பெட்டி அந்தச் சுவரில்தான் இருந்தது. மின்வாரிய அலுவலகத்துக்கு நீதிமன்ற உத்தரவோடு கடிதம் கொடுத்து, மீட்டரை வீட்டுச் சுவருக்கு மாற்றிய பிறகே கடப்பாரை எடுக்க முடிந்தது. கவனிக்காமல் விட்டிருந்தால் அந்த ஒரு பெட்டிக்காக அன்றைய நாளும் வீணாகி, வாரண்ட் மூன்றாம் முறையும் திரும்பியிருக்கும்.

அடுத்த சிக்கல் தரைக்குக் கீழே இருந்தது. சுவர் முக்காலடிச் செங்கல் சுவர், அதாவது 9 அங்குலம். அஸ்திவாரம் 24 அங்குல அகலம். சுவருக்கு இருபுறமும் ஏழரை அங்குலம் துருத்தி நிற்கும். சுவர் முகம் சந்துக்குள் 15 அங்குலம் என்றால், அஸ்திவாரம் இருபத்திரண்டரை அங்குலம் உள்ளே. தீர்ப்பாணையில் ‘சுவர்’ என்று மட்டுமே இருந்தது. தரைமட்டம் வந்ததும் நிறுத்தச் சொன்னார் எதிர்த்தரப்பு வக்கீல். அஸ்திவாரத்தை விட்டுவிட்டால், ஒரே இரவில் அதன் மேல் மறுபடி வரிசை எழும்பும். தண்ணீர்க் குழாய் பதிக்கவும் முடியாது. நல்லவேளை, ஆணையர் படத்தில் ‘அஸ்திவாரம் உட்பட’ என்ற குறிப்பு இருந்தது. தீர்ப்பாணையின் பொருளை பிராதையும் தீர்ப்புரையையும் வைத்துப் புரிந்துகொள்ள நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. பிராதின் ஒரு பத்தியில் அஸ்திவாரம் பற்றிச் சொல்லியிருந்தது. அன்று மாலைக்குள் அஸ்திவாரமும் வந்துவிட்டது. பிராது எழுதுகிறவர்கள் ‘அஸ்திவாரம், சன்ஷேடு, படி, குழாய் உட்பட’ என்று பரிகாரப் பத்தியிலேயே எழுதிவிட வேண்டும். சந்துக்கு மேலே நீட்டிய சன்ஷேடும் ஆக்கிரமிப்புதான். சுவர் போன பிறகும் அதிலிருந்து மழைத் தண்ணீர் பாதையில் கொட்டும்.

எழுதி முடிப்பது

இடித்த அன்றே ஆணையர் அதே ஏழு இடங்களில் மறுபடி அளந்தார். ஏழிலும் நான்கு அடி. மேற்கு ஓரத்தில் இரண்டு எல்லைக்கல் நட்டு, படம் எடுத்து அறிக்கை தாக்கல் செய்தார். இந்த இரண்டாவது அளவு இல்லாமல் இ.பி.யை முடிக்க ஒப்புக்கொள்ளக் கூடாது. ‘நிறைவேறியது’ என்று பதிவாவதும், புள்ளிவிவரத்துக்காகச் சும்மா ‘முடிக்கப்பட்டது’ என்று பதிவாவதும் வேறு வேறு. உத்தரவின் நகலை வாங்கி வாசித்துப் பார்க்க வேண்டும்.

இவ்வளவுக்கும் ஆன காலம் நீதிமன்றம் வகுத்த கணக்கைத் தாண்டியது. இ.பி.யை ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும், முடியாவிட்டால் காரணம் எழுத வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2021 ஏப்ரலில் சொன்னது. 2025-இல் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் அதையே மறுபடி வலியுறுத்தி, எல்லா உயர் நீதிமன்றங்களிடமும் நிலுவைக் கணக்குக் கேட்டது. நாடு முழுக்க 8.8 லட்சத்துக்கு மேல் இ.பி.கள் காத்திருப்பதாகத் தெரிந்தது. வாய்தா கேட்கும்போது எதிர்ப்பவர்கள் இந்த ஆறு மாத உத்தரவை எழுத்தில் சுட்டிக்காட்ட வேண்டும். வாயால் சொன்னால் குறிப்பில் ஏறாது.

மறுபடி கட்டினால்

நம் வழக்கில் ஒரு வருடம் கழித்துப் பிரதிவாதியின் மகன் அதே இடத்தில் ஆஸ்பெஸ்டாஸ் தகடு வைத்து அடைத்தார். செயலுறுத்துக் கட்டளை ஏற்கனவே நிறைவேறி முடிந்துவிட்டது. இப்போது கையில் இருப்பது நிரந்தர உறுத்துக்கட்டளை. தடுக்காதே என்று மட்டும் சொல்லும் உத்தரவை வைத்து, கட்டியதை அகற்றச் சொல்ல முடியுமா என்று ஒரு காலத்தில் நீதிமன்றங்களிடையே கருத்து வேறுபாடு இருந்தது. புது வழக்கே போட வேண்டும் என்றும் சில தீர்ப்புகள் வந்தன. 2002 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தம் விதி 32(5)-க்கு ஒரு விளக்கம் சேர்த்து அதைத் தீர்த்துவிட்டது: ‘செய்ய வேண்டிய செயல்’ என்பது தடுக்கும் உறுத்துக்கட்டளைக்கும் பொருந்தும். ஆகவே புது வழக்கு வேண்டாம், அதே தீர்ப்பாணையில் புது இ.பி. போதும். காலவரையறையும் இல்லை.

வாதி அதைத்தான் செய்தார். ஆணையரின் இரண்டாவது அளவுப் படம், எல்லைக்கல் புகைப்படம், முந்தைய இ.பி.யின் முடிவு உத்தரவு மூன்றையும் இணைத்தார். இந்தமுறை உள்விதி 1-இல் சிறைக் கோரிக்கையையும் அழுத்திக் கேட்டார். அறிவிப்பு போய்ச் சேர்ந்த பதினோராம் நாள் தகடு கழற்றப்பட்டது. மனு முடிந்த பிறகு தீர்ப்பாணை நகல், இரண்டு படங்கள், இ.பி. உத்தரவுகள், ரசீதுகள் எல்லாவற்றையும் கிரையப் பத்திரத்தோடு ஒரே கட்டாகக் கட்டி வைத்தார். நாளை அந்த வீட்டை விற்றாலும், பிள்ளைகளுக்குக் கொடுத்தாலும், அந்தக் கட்டும் கூடவே போக வேண்டும்.